தகடும் சீட்டும்

குறுந்தகடு திரும்பி வந்துவிட்டது என்று ஒரு ஆரவாரம். அமெரிக்காவில் 2021ல் 4 கோடியே 66 லட்சம் தகடுகள் விற்றன. 2004க்குப் பிறகு விற்பனை ஏறியது அதுவே முதல் முறை. 2000ல் அங்கே விற்றவை 94 கோடி என்பதையும், 2020ல் கொள்ளைநோயால் கடைகள் மூடிக் கிடந்தன என்பதையும், 2022ல் விற்பனை மறுபடி இறங்கிவிட்டது என்பதையும் ஆரவாரக்காரர்கள் சொல்வதில்லை. போகட்டும். வாங்குகிறவர்களில் இளைஞர்கள் கணிசமாக இருக்கிறார்கள் என்பது உண்மை. ஏன் என்பதுதான் கேள்வி.

நம் அறிவுஜீவிகளிடம் தயாராக இரண்டு பதில்கள் இருக்கின்றன. ஒன்று, பழைய நினைவுகளின் ஏக்கம். அபத்தம். தகட்டின் உச்ச காலத்தில் இவர்கள் தொட்டிலில் கிடந்தவர்கள், அல்லது பிறக்காதவர்கள். இல்லாத நினைவுக்கு யார் ஏங்க முடியும்? மற்றது, ஒலியின் தரம். விநாடிக்கு 44,100 மாதிரிகள், 16 பிட் என்று 1982ல் ஸோனியும் ஃபிலிப்ஸும் சந்தைக்குக் கொண்டுவந்த அளவு இன்றும் மட்டமானதல்ல. ஆனால் அதே தரத்தை, அதற்கு மேலும், ஆப்பிள் 2021லேயே இணையத்தில் கொடுக்க ஆரம்பித்துவிட்டது. காதுக்காக மட்டும் தகடு வாங்க அவசியமில்லை.

காரணம் வேறிடத்தில் இருக்கிறது. 2021 மார்ச் 1ந் தேதி, காகாவோ எம் விநியோகித்த நூற்றுக்கணக்கான கொரியப் பாடல்கள் ஸ்பாட்டிஃபையிலிருந்து உலகெங்கும் மறைந்தன. ஒப்பந்தத் தகராறு. பத்து நாளில் சமரசமாகி அவை திரும்பின. 2022 ஜனவரியில் நீல் யங் தன் பாடல்களை அங்கிருந்து எடுத்துக்கொண்டார். 2024ல்தான் மீண்டும் கொடுத்தார். அவர் கோபம் நியாயமா என்பது தனி சர்ச்சை. இரண்டு விவகாரங்களிலும் கேட்பவனை யாரும் கேட்கவில்லை. வங்கியில் வேலை பார்க்கிறவனுக்கு இது சட்டென்று புரியும். லாக்கருக்கு வாடகை கட்டுகிறவரின் நகை அவருடையது. இங்கே மாதாமாதம் கட்டுகிறவருக்கு நகையும் இல்லை, லாக்கரும் இல்லை. எட்டிப் பார்க்க அனுமதி மட்டும். ஒரு இருபது வயதுக்காரருக்கு இது உறைத்து, அவர் தகடு வாங்கினால் அது விவேகம்.

இந்த விவேகத்தைத்தான் வியாபாரம் சூதாட்டமாக்கிவிட்டது. கொரியாவில் 2023ல் 10 கோடிக்கும் மேல் ஆல்பங்கள் விற்றன. ஒரே ஆல்பம், அட்டையை மாற்றிப் பல வடிவங்களில். உள்ளே பாடகரின் படச்சீட்டு ஒன்று. எந்தச் சீட்டு யாருக்கு என்பது அதிர்ஷ்டம். கூடுதலாக வாங்கினால் பாடகரைச் சந்திக்கும் குலுக்கலில் கூடுதல் வாய்ப்பு. 2024ல் டோக்கியோவின் ஷிபுயாவில் செவன்டீன் குழுவின் ஆல்பங்கள் தெருவோரம் குவிந்து கிடந்தன. சீட்டை எடுத்துக்கொண்ட பின் தகடு வெறும் உறை. வீட்டில் அதைப் போட்டுக் கேட்கக் கருவிகூட இல்லாதவர்களும் பத்து, இருபது என்று வாங்குகிறார்கள். பிள்ளைகளின் பிரியத்தைக் காசாக்கத் தெரிந்த கம்பெனிகளை விட்டுவிட்டு, பிள்ளைகளைப் பார்த்துச் சிரிப்பது கோழைத்தனம்.

கையில் தொடக்கூடிய பொருள் மீண்டது என்று புளகாங்கிதம் அடைகிற நண்பர்களுக்கும் ஒரு வார்த்தை. புத்தகத்தை வாங்கி அலமாரியில் நிறுத்திவிட்டு இலக்கியம் வளர்கிறது என்பதைப் போன்ற பிரமை இது. பொருள் நமக்குக் கொடுப்பது, அதனிடம் திரும்பிப் போகிற உரிமை ஒன்றைத்தான். போகிற வேலை நம்முடையது.

பழைய தகட்டைச் சொற்பக் காசுக்கு வாங்கி, முதல் பாட்டிலிருந்து கடைசிப் பாட்டுவரை கேட்டு, பிடிபடாததை மறுநாளும் போட்டுக் கேட்கிறவர்கள் இருக்கிறார்கள். பழைய தகட்டின் விற்பனை அந்த 4 கோடியே 66 லட்சத்தில் சேராது. நான் பரிந்து பேசுவது இவர்களுக்காக.