உபகாரமா, உரிமையா?

பென்ஷனை நம் முன்னோர் உபகாரச் சம்பளம் என்று வழங்கினர். அப்பெயர் பொருந்தாதென்பது நம் துணிபு. 1971-ல் தேவகிநந்தன் பிரசாத் வழக்கிலும் 1982-ல் நகாரா வழக்கிலும், அஃது அரசினர் இரங்கி ஈயும் கொடையன்று, ஊழியர் உழைத்து ஈட்டிய உரிமையே என்று சுப்ரீம் கோர்ட்டார் தீர்ப்பளித்தனர். விதியின் ஆதாரமின்றி அதனை நிறுத்திவைத்தல் ஆகாதென்று 2013-ல் ஜார்க்கண்டு மாகாணத்து வழக்கொன்றிற் கூறினர்.

ஆயின் விதியே இடங்கொடுக்குமிடத்து என் செய்வது? ஜவ்வாது மலையில் ஆசிரியராகவோ வனக்காவலராகவோ 2003 ஏப்ரலுக்கு முன் சேர்ந்து, முப்பதாண்டு ஊழியஞ்செய்து ஓய்வுபெறும் ஒருவர்மேல் குற்றச்சாட்டொன்று நிலுவையில் உள்ளதாகக் கொள்வோம். தற்காலிக ஓய்வூதியம் கிட்டும். பணிக்கொடையோ விசாரணை முடியுமளவும் நிற்கும். வாய்தாதோறும் ஜமுனாமரத்தூரிலிருந்து போளூர் வழியே திருவண்ணாமலைக்கு இறங்கியேற வேண்டும். மகளின் கலியாணம் அதற்காகக் காத்திராது. ஆண்டுகள் செல்லச்செல்லச் சாட்சிகளும் மாற்றலாகியோ மரித்தோ போவர். குற்றமற்றவர்க்கே இதனால் நஷ்டம் மிகுதி.

கையாடினவன் ஓய்வுபெற்றதனால் தப்புக என்று நாம் சொல்லோம். 1978-ஆம் வருஷத்துத் தமிழ்நாடு ஓய்வூதிய விதிகளில் 9-ஆம் விதி அவனுக்கென்றே உள்ளது. ஓய்வுக்குப்பின் நடவடிக்கை தொடங்க அரசினர் அனுமதி வேண்டுமென்றும், நான்காண்டுக்கு முற்பட்ட செயலைக் கிளறலாகாதென்றும் அது விதிக்கின்றது. தொடங்குதற்கு எல்லை கட்டிய அவ்விதி முடித்தற்கு எல்லை கட்டாமை வியப்பே. ஓராண்டில் விசாரணை முடியாதாயின் பணிக்கொடையைக் கொடுத்துவிடுக. பின்னர்க் குற்றம் நிலைபெறின், அரசினர்க்கு நேர்ந்த நஷ்டத்தை ஓய்வூதியத்திற் பிடித்துக்கொள்ள அதே விதி அதிகாரமளிக்கின்றதன்றோ?