ஏழு திரையும் ஒரு விளக்கும்

ஒளியும் இருளும் சரிசமமான இரண்டு சக்திகள், இரண்டும் ஆண்டவன் சிருஷ்டி என்று புராணப் பிரசங்கிகள் பேசுவதைப் புளியங்குடித் தோழர்கள் கேட்டிருப்பார்கள். இருட்டு என்று தனியாக ஒரு வஸ்து உண்டா? வெளிச்சத்தை மறைத்தால் இருட்டு, அவ்வளவுதான். இதைக் கட்டடமாகவே கட்டிக் காட்டியிருப்பது வடலூர்ச் சத்திய ஞான சபை.

1872-ல் இராமலிங்க அடிகள் ஏற்படுத்திய எண்கோணக் கட்டடம் அது. உள்ளே விளக்கு, அதன் முன் கண்ணாடி, அதற்கும் முன்னால் ஏழு திரைகள். முதல் திரை கறுப்பு. தைப்பூசத்தன்று அவற்றை ஒவ்வொன்றாய் விலக்க, ஒளி தெரிகின்றது. விளக்கு அன்றுதான் புதிதாய் வந்ததா? திரைதானே போயிற்று!

நிற்க. விளக்கைத் துடைத்து ஏற்றுவதற்கு அடிகள் சொன்ன யோக்கியதை என்ன? 12 வயதிற்குட்பட்டவர், அல்லது 72 வயதிற்கு மேற்பட்டவர் என்பதே. ஜாதி கேட்கவில்லை, பரம்பரை பாத்தியதையும் கேட்கவில்லை. அப்படிப்பட்ட இடத்திலும் பிற்காலத்தில் லிங்க பூஜை நுழைந்துவிட்டது! அது கூடாதென்று 2006-ல் அறநிலையத்துறை உத்திரவு போட வேண்டியிருந்தது. அது சென்னை உயர்நீதிமன்றம் வரை போய் 2010-ல்தான் உறுதியாயிற்று. அடிகள் தொங்கவிட்டவை ஏழு. எட்டாவதைப் பின்வந்தவர்கள் தொங்கவிட்டார்கள்.

ஜோதியைக் கண்டதும் கன்னத்தில் போட்டுக்கொண்டு திரும்பிவிடுவதும் நமக்குச் சம்மதமில்லை. அங்கே 1867-ல் அடிகள் மூட்டிய தருமசாலை அடுப்பு இன்றும் எரிகின்றது. பசித்து வந்தவன் யாராயினும் சோறு கிடைக்கும். அந்த நெருப்புக்குத் திரையுமில்லை, பார்ப்பதற்கு நாள் நட்சத்திரமுமில்லை. தைப்பூசத்திற்கு வண்டி ஏறும் தோழர்கள் அதையும் எட்டிப் பார்த்துவிட்டு வரட்டும்.