35 வயதுக்கு மேல் கர்ப்பமா? ஸ்கிரீனிங் ரிப்போர்ட்டில் 'ஹை ரிஸ்க்' என்று வந்தால் என்ன அர்த்தம்?

படிப்பு, வேலை, வீட்டு லோன் என எல்லாம் ஒரு நிலைக்கு வந்த பிறகே குழந்தை என்று முடிவெடுக்கும் தம்பதிகள் இன்று நிறைய. அப்படி 35 வயதைத் தாண்டி கர்ப்பமாகும் பெண்கள் செக்கப்பில் கேட்கும் முதல் வார்த்தையே 'ஏஜ் அதிகம்' என்பதுதான். அடுத்து ரத்தப் பரிசோதனை. ரிப்போர்ட்டில் '1:180, ஹை ரிஸ்க்' என்று வந்துவிட்டால் வீடே பதறிப் போகிறது. அந்த எண் உண்மையில் என்ன சொல்கிறது?

அதென்ன 35 கணக்கு?

ஒரு பெண்ணின் கருமுட்டைகள் அவர் பிறக்கும் முன்பே உருவாகிவிடுகின்றன. அவருக்கு வயதாக ஆக, முட்டைகளுக்கும் வயதாகிறது. குரோமோசோம்கள் சரியாகப் பிரியாமல் போகும் வாய்ப்பும் கூடுகிறது. 21-வது குரோமோசோம் இரண்டுக்குப் பதில் மூன்றாக இருந்தால், அதுதான் டவுன் சிண்ட்ரோம்.

இதற்கான வாய்ப்பு தாய்க்கு 25 வயதில் சுமார் 1,250-ல் ஒன்று. 35 வயதில் சுமார் 350-ல் ஒன்று. 40 வயதில் 100-ல் ஒன்று. ஆக, 35-வது பிறந்தநாளில் ஆபத்து திடீரென்று வந்துவிடுவதில்லை, படிப்படியாகவே கூடுகிறது. இளம் வயதில் பிரசவிப்பவர்களே அதிகம் என்பதால், டவுன் சிண்ட்ரோம் குழந்தைகளில் பெரும்பாலானோரின் தாய்மார்கள் 35 வயதுக்குக் குறைவானவர்கள்தான். அதனால் ஸ்கிரீனிங் எல்லா வயதினருக்கும் தேவை.

'1:180' என்றால்?

இதே ரிசல்ட் வந்த 180 பெண்களில் ஒருவரின் குழந்தைக்கு அந்தக் குறைபாடு இருக்கலாம். மீதி 179 பேரின் குழந்தைகளுக்கு இருக்காது. சதவீதத்தில் பார்த்தால் ஒன்றுக்கும் குறைவு. பல லேப்கள் 1:250-ஐ எல்லைக்கோடாக வைத்திருப்பதால், இது 'ஹை ரிஸ்க்' பட்டியலில் வருகிறது, அவ்வளவுதான்.

ஸ்கிரீனிங் வேறு, உறுதிப்படுத்தும் பரிசோதனை வேறு. என்.டி ஸ்கேன், டபுள் மார்க்கர், என்.ஐ.பி.டி மூன்றுமே ஸ்கிரீனிங்தான். இவற்றில் தாயின் ரத்தத்தில் கலந்திருக்கும் நஞ்சுக்கொடியின் டி.என்.ஏ-வை ஆராயும் என்.ஐ.பி.டி, டவுன் சிண்ட்ரோமைக் கண்டுபிடிப்பதில் மிகத் துல்லியமானது. ஆனால் அதிலும் தவறான 'பாசிட்டிவ்' வரலாம். அதை மட்டும் நம்பி கர்ப்பத்தைக் கலைக்கும் முடிவுக்குப் போகவே கூடாது. பனிக்குட நீரை எடுத்துச் சோதிக்கும் ஆம்னியோசென்டெசிஸ் போன்ற பரிசோதனைதான் உறுதியான பதில் தரும். இதனால் கரு கலையும் வாய்ப்பு, அனுபவமுள்ள மையங்களில் 0.5 சதவீதத்துக்கும் குறைவு.

அதேபோல் 'லோ ரிஸ்க்' என்பதும் நூறு சதவீத உத்தரவாதம் கிடையாது.

தவறவிடக் கூடாத தேதிகள்

* 10-வது வாரம் முதல்: என்.ஐ.பி.டி
* 11 வாரம் முதல் 13 வாரம் 6 நாள் வரை: என்.டி ஸ்கேன், டபுள் மார்க்கர்
* 15 வாரத்துக்குப் பிறகு: தேவைப்பட்டால் ஆம்னியோசென்டெசிஸ்
* 18 முதல் 20 வாரம்: உறுப்புகளைப் பார்க்கும் அனாமலி ஸ்கேன்

இந்தத் தேதிகள் ஏன் முக்கியம்? கருக்கலைப்பு சட்டத்தில் 2021-ல் செய்த திருத்தத்தின்படி, 20 வாரம் வரை ஒரு டாக்டரின் கருத்து போதும். 20 முதல் 24 வாரம் வரை, குறிப்பிட்ட சில பிரிவினருக்கு மட்டும், இரண்டு டாக்டர்களின் கருத்து வேண்டும். அதற்கு மேல், கருவில் கடுமையான குறைபாடு இருப்பதாக மருத்துவ வாரியம் சொன்னால்தான் அனுமதி.

20-வது வாரத்தில்தான் முதல் சந்தேகமே வருகிறது என்று வைத்துக்கொள்வோம். ஆம்னியோசென்டெசிஸ் செய்து முழு குரோமோசோம் ரிப்போர்ட் வர 2 முதல் 3 வாரம் ஆகலாம். யோசிக்க மிஞ்சுவது சில நாட்கள்தான். 12-வது வாரத்திலேயே தெரிந்தால், நிதானமாக முடிவெடுக்கலாம். கர்ப்பத்தைத் தொடர்வது என்றாலும், குழந்தைக்கு இதயக் கோளாறு இருக்கிறதா என்று பார்த்து, அதற்கான வசதியுள்ள மருத்துவமனையில் பிரசவத்தைத் திட்டமிடலாம்.

முடிவு யாருடையது? 18 வயது நிறைந்த பெண்ணின் சம்மதமே சட்டப்படி போதும். கணவரின் கையெழுத்து கட்டாயம் இல்லை. அதே நேரம், எந்தப் பரிசோதனையிலும் குழந்தை ஆணா பெண்ணா என்று கேட்பதும் சொல்வதும் குற்றம்.

தாயையும் கவனிக்கணும்

குரோமோசோம் பயத்தில் பலரும் மறந்துவிடுவது அம்மாவின் உடல்நிலையை. வயது கூடும்போது கர்ப்பகால சர்க்கரை, ரத்த அழுத்தம், கருச்சிதைவு, குறைமாதப் பிரசவம் ஆகியவற்றின் வாய்ப்பும் கூடுகிறது. முதல் செக்கப்பிலும் 24 முதல் 28 வாரத்துக்குள்ளும் சர்க்கரை பரிசோதனை அவசியம். 75 கிராம் குளுக்கோஸ் குடித்த 2 மணி நேரம் கழித்து அளவு 140 அல்லது அதற்கு மேல் இருந்தால் சிகிச்சை தேவை.

கடும் தலைவலி, பார்வை மங்கல், முகம் வீங்குதல், ரத்தப்போக்கு, குழந்தையின் அசைவு குறைதல்... இதில் எது வந்தாலும் அடுத்த செக்கப் வரை காத்திருக்காதீங்க. உடனே மருத்துவமனைக்குப் போங்க.

'ஹை ரிஸ்க்' ரிப்போர்ட் கையில் இருந்தால் டாக்டரிடம் இந்த மூன்று கேள்விகளைக் கேளுங்கள்: இது ஸ்கிரீனிங்கா, உறுதியான ரிசல்ட்டா? அடுத்த பரிசோதனை எது, அதை எந்தத் தேதிக்குள் செய்யணும்? மரபணு ஆலோசகரைப் பார்க்க முடியுமா?