ரிசார்ட்டில் வரவேற்பு: 355 டன் கரும்பு வேண்டும்!

“எத்தனை இலை?”

கல்யாண வீட்டில் சமையல்காரர் கேட்கும் முதல் கேள்வி இதுதான். இப்போது அதே கேள்வி வேறு வாயிலிருந்து வருகிறது. “எத்தனை பிளேட்?” இதைக் கேட்பவர் சமையல்காரர் அல்ல, ரிசார்ட் மேனேஜர்.

ரிசார்ட் என்பது உல்லாச விடுதி. புல்வெளி, நீச்சல் குளம், வண்ண விளக்கு எல்லாம் இருக்கும். முன்பு சினிமாவில் பார்த்ததோடு சரி. 2022 ஜூன் 9 அன்று நயன்தாரா - விக்னேஷ் சிவன் திருமணம் மாமல்லபுரத்தில் ஓர் உல்லாச விடுதியில் நடந்தது. 2024 ஜூலையில் மும்பையில் நடந்த அம்பானி வீட்டுக் கல்யாணத்தை ஊரே செல்போனில் பார்த்தது. பார்த்ததோடு நிற்குமா? ஆசை கள்ளக்குறிச்சிக்கும் வந்துவிட்டது.

கள்ளக்குறிச்சி 2019 நவம்பர் 26 அன்று தனி மாவட்டம் ஆயிற்று. கரும்பும் நெல்லும் மரவள்ளியும் விளையும் ஊர். பிள்ளைகள் சென்னையிலும் பெங்களூரிலும் வேலை பார்க்கிறார்கள். “தாலி கட்டுவது திருக்கோவிலூர் பெருமாள் கோயிலில் இருக்கட்டும் அப்பா. ரிசப்ஷனைப் புதுச்சேரியில் வைத்துக்கொள்ளலாம்” என்று மகள் சொல்கிறாள். அவள் சொல்வதிலும் நியாயம் உண்டு. “அம்மா மூன்று நாள் அடுப்படியில் நிற்க வேண்டாம். எல்லாவற்றையும் அவர்களே பார்த்துக்கொள்வார்கள்” என்கிறாள்.

பார்த்துக்கொள்வார்கள். அதற்கு என்ன விலை?

<b>பில் போடுவோம்</b>

400 பேர் விருந்து என்று வைத்துக்கொள்வோம். ஒரு பிளேட் 1,500 ரூபாய். சாப்பாடு 6 லட்சம். உறவினர் தங்க 30 அறை. அறைக்கு 9,000 ரூபாய். அது 2 லட்சத்து 70 ஆயிரம். புல்வெளி வாடகை 2 லட்சம். இத்தொகை இடத்துக்கு இடம் கூடும், குறையும். இது ஒரு பேச்சுக்குத்தான்.

ஆக 10 லட்சத்து 70 ஆயிரம். “அவ்வளவுதானே?” என்று அப்பா மூச்சு விடுகிறார். அவசரப்படக் கூடாது. ஜி.எஸ்.டி. இன்னும் சேரவில்லை.

இங்கேதான் பலர் ஏமாறுகிறார்கள். சாதாரண மண்டபத்தில் சமையல் கான்டிராக்டர் பில் போட்டால் சாப்பாட்டுக்கு வரி 5 சதவீதம். பெரிய விடுதியில் அதே சாம்பாருக்கு 18 சதவீதம்! எது பெரிய விடுதி? 2025 ஏப்ரல் 1 முதல் உள்ள விதி இது: முந்தைய நிதி ஆண்டில் எந்த ஓர் அறையாவது நாளுக்கு 7,500 ரூபாய்க்கு மேல் வாடகைக்குப் போயிருந்தால், அங்கே சாப்பாட்டுக்கு 18 சதவீதம். கல்யாண வீட்டார் அறையே எடுக்காவிட்டாலும் வரி உண்டு. 9,000 ரூபாய் அறைக்கும் புல்வெளி வாடகைக்கும் அதே 18 சதவீதம்தான்.

கூட்டினால் வரி மட்டும் 1 லட்சத்து 92 ஆயிரத்து 600 ரூபாய். மொத்தம் 12 லட்சத்து 62 ஆயிரத்து 600. பூ அலங்காரம், பாட்டுக் கச்சேரி, போட்டோ, பஸ் வாடகை எல்லாம் இதற்கு வெளியே.

<b>எத்தனை டன்?</b>

மூங்கில்துறைப்பட்டிலும் கச்சிராயபாளையத்திலும் கூட்டுறவு சர்க்கரை ஆலைகள் இருக்கின்றன. இந்தப் பக்கத்து விவசாயிக்கு லட்சத்தைவிட டன் கணக்கு சீக்கிரம் புரியும். 2025-26 பருவத்துக்கு மத்திய அரசு அறிவித்த கரும்பு விலை டன்னுக்கு 3,550 ரூபாய். அதுவும் பிழிதிறன் 10.25 சதவீதம் இருந்தால்தான். குறைந்தால் விலையும் குறையும்.

அந்த முழு விலையே கிடைத்தாலும், மேலே சொன்ன பில்லைக் கட்ட 355 டன்னுக்கு மேல் கரும்பு வெட்ட வேண்டும். ஏக்கருக்கு 40 டன் என்றால், ஒன்பது ஏக்கர் விளைச்சல். வெட்டுக்கூலி, உரம் எதையும் கழிக்காமல்! வரிக்கு மட்டும் 54 டன். பத்து மாதம், பன்னிரண்டு மாதம் தண்ணீர் பாய்ச்சிய கரும்பு ஒரே இரவில் தீர்ந்துபோகிறது.

<b>மொய் எங்கே?</b>

“ஊரில் கல்யாணம் செய்தால் மட்டும் செலவில்லையா?” என்று கேட்கலாம். செலவு உண்டு. ஆனால் வரவும் உண்டு. அதுதான் மொய்.

மொய் என்பது இனாம் அல்ல. வட்டியில்லாத கடன். இருபது வருஷமாக ஊரார் வீட்டு விசேஷங்களில் ஒருவர் எழுதிய 100, 500 எல்லாம் அவர் வீட்டுக் கல்யாணத்தில் திரும்பி வர வேண்டும். கல்யாணத்தன்று இரவு மொய்ப் பணத்தை எண்ணுவார்கள். சமையல்காரருக்கும் பந்தல்காரருக்கும் மேளக்காரருக்கும் அதிலிருந்தே மிச்சம் கொடுப்பதுண்டு.

ரிசார்ட்டில் இந்தக் கணக்கு தலைகீழ். அங்கே பொதுவாக முழுப் பணத்தையும் விழாவுக்கு முன்பே கேட்பார்கள். மொய் வருவதோ விழாவுக்குப் பின். நடுவில் கடன் வாங்க வேண்டும். 5 லட்சத்துக்கு நூற்றுக்கு இரண்டு ரூபாய் வட்டி என்றால் மாதம் 10,000 ரூபாய் போகும். மொய்ப் பையை அப்படியே நீட்டவும் முடியாது. ஒரே நிகழ்ச்சிக்காக 2 லட்சம் ரூபாயோ அதற்கு மேலோ ரொக்கமாக வாங்கக் கூடாது என்று 2017 முதல் வருமான வரிச் சட்டம் தடுக்கிறது. வாங்குகிறவருக்கு அபராதம்.

மொய் குறையவும் குறையும். கல்வராயன் மலைக் கிராமத்திலிருந்தோ சின்னசேலத்திலிருந்தோ ஒருவர் புதுச்சேரி போய்வர ஒரு நாள் கூலி போகும். பஸ் அனுப்பினாலும் பாதிப் பேர் “ஊருக்கு வந்ததும் பார்த்துக்கொள்ளலாம்” என்பார்கள். கையில் கொடுக்காத மொய் நாள் ஆக ஆக மறந்துபோகும். 2020-ல் கொரோனா நேரத்தில் கல்யாணத்துக்கு 50 பேர்தான் என்று அரசு கட்டுப்பாடு வைத்தது. செலவு குறைந்தது என்று சந்தோஷப்பட்டவர்கள், நோட்டைப் புரட்டியபோதுதான் வராத மொய்யைக் கண்டார்கள். 2021 ஜனவரியில் மதுரையில் ஒரு வீட்டார் அழைப்பிதழிலேயே கூகுள் பே, போன் பே குறிகளை அச்சிட்டார்கள். ஊர் சிரித்தது. ஆனால் அவர்கள் கணக்குத் தெரிந்தவர்கள்!

<b>பணம் எந்த ஊருக்கு?</b>

பணக்காரர்கள் வெளிநாட்டில் போய்க் கல்யாணம் செய்வது பற்றி 2023 நவம்பர் 26 அன்று பிரதமர் மோடி வானொலியில் பேசினார். இந்திய மண்ணிலேயே நடத்தினால் நாட்டுப் பணம் நாட்டிலேயே இருக்கும் என்றார். அதே கேள்வியைக் கள்ளக்குறிச்சிக்காரரும் கேட்கலாம். ஊர் மண்டபத்தில் கல்யாணம் என்றால் வாழை இலைக்காரர், பூக்காரி, நாதஸ்வரக்காரர், பாத்திரம் துலக்கும் பெண்கள் எல்லாருக்கும் இரண்டு நாள் பிழைப்பு. ரிசார்ட்டில் வெளிச் சமையல்காரரைப் பெரும்பாலும் உள்ளேயே விடுவதில்லை.

இந்தச் செலவு யார் தலையில் விழுகிறது என்பதும் கேள்விதான். கல்வராயன் மலையில் வாழும் மலையாளிப் பழங்குடி மக்களிடம் மாப்பிள்ளை வீட்டார் பெண்ணுக்குப் பரிசம் கொடுப்பதே பழைய வழக்கம். கீழே சமவெளியில் பெண்ணைப் பெற்றவர்தான் நிலப் பத்திரத்தை எடுத்துக்கொண்டு ஓடுகிறார். “பாதி எங்களுடையது” என்று மாப்பிள்ளை வீட்டார் சொன்னால் நல்லதுதான். பாதி பூவிலா, பில்லிலா என்று அன்றைக்கே கேட்டுக்கொள்ள வேண்டும்.

<b>ரிசார்ட்தான் என்றால்</b>

அப்படியும் பிள்ளைகள் பிடிவாதம் பிடித்தால், கையெழுத்துக்கு முன் சில விஷயங்களை எழுதி வாங்க வேண்டும். 400 பிளேட்டுக்கு உறுதி சொல்லி 280 பேர் வந்தாலும் 400-க்கும் பணம் கேட்பார்கள். அதனால் உறுதி எண்ணிக்கையை 300 என்று வைத்து, மேலே வருகிறவர்களுக்குத் தனியாகக் கொடுப்பது மேல். சொல்லும் விலை வரியோடா, வரி இல்லாமலா? தேதி தள்ளிப்போனால் முன்பணம் என்ன ஆகும்? திறந்தவெளியில் இரவு 10 மணிக்கு ஒலிபெருக்கியை நிறுத்த வேண்டும் என்பது சட்டம். நூறு கிலோமீட்டர் தாண்டி வரும் பஸ் எட்டரைக்கு வந்து சேர்ந்தால், மகளின் பாட்டுக் கச்சேரி ஒன்றரை மணி நேரம்தான்.

சில வீடுகளில் வேறு வழி செய்கிறார்கள். ஊர் மண்டபத்தில் சொந்தபந்தத்துக்கு விருந்து, மொய் அங்கே. பிள்ளைகளின் சிநேகிதர்கள் 80 பேருக்கு மட்டும் ரிசார்ட்டில் ஒரு மாலை விருந்து. 80 பிளேட், வரியோடு 1 லட்சத்து 41 ஆயிரத்து 600 ரூபாய். அது 40 டன் கரும்பு. ஓர் ஏக்கரோடு முடிந்தது. ஆனால் அடுப்படியில் மூன்று நாள் நிற்பது இதிலும் அம்மாதான்.