முன்ஜாமீன் யாருக்கு? கைது வருவது முன்பே தெரிந்தவருக்கு!

ஊழல் வழக்கில் பெரிய அதிகாரி சிக்குகிறார். மறுநாளே முன்ஜாமீன் கேட்டு மனு! கோர்ட்டு கொடுத்துவிட்டால் டீக்கடையில் ஒரே பேச்சுதான்: "அவ்வளவுதாம்பா, கேஸ் முடிஞ்சுபோச்சு!"

கேஸ் முடியவில்லை. முன்ஜாமீன் என்பது விடுதலை அல்ல. போலீசார் கைது செய்தால் ஜாமீனில் விடவேண்டும் என்ற உத்தரவு, அவ்வளவே. விசாரணை நடக்கும். கூப்பிட்டபோது ஆஜராக வேண்டும், சாட்சிகளை மிரட்டக்கூடாது, அனுமதியில்லாமல் வெளிநாடு போகக்கூடாது என்று கோர்ட்டு நிபந்தனை போடலாம்.

ஏன் வந்தது?

வெள்ளைக்காரன் போட்ட சட்டத்தில் முன்ஜாமீன் கிடையாது. செல்வாக்குள்ள ஆட்கள் எதிரிகளைப் பொய் வழக்கில் மாட்டிவிட்டு, நாலு நாளாவது உள்ளே வைத்து அவமானப்படுத்துகிறார்கள். அதைத் தடுக்க வழி வேண்டும் என்று 1969-ல் சட்டக் கமிஷன் சிபாரிசு செய்தது. 1974 ஏப்ரல் 1 முதல் 438-வது பிரிவாக அமலுக்கு வந்தது. 2024 ஜூலை 1 முதல் புதிய சட்டத்தில் அது 482-வது பிரிவு.

ஆக, செல்வாக்குள்ளவனிடம் இருந்து மற்றவனைக் காப்பாற்ற வந்த சட்டம் இது. ஆனால் இதில் பெயர் பெற்ற வழக்கோ ஒரு மந்திரியின் வழக்கு!

பஞ்சாப் மந்திரி

பஞ்சாபில் பாசன, மின்துறை மந்திரியாக இருந்தவர் குர்பக்ஷ் சிங் சிபியா. அவர் மீது ஊழல் புகார். முன்ஜாமீன் கேட்டார். உயர்மட்ட ஊழல் புகாருக்கு இந்தச் சலுகை பொருந்தாது என்று 1977 செப்டம்பரில் பஞ்சாப்-அரியானா ஐகோர்ட்டு தள்ளுபடி செய்தது.

சுப்ரீம் கோர்ட்டு அதை ஏற்கவில்லை. தலைமை நீதிபதி சந்திரசூட் உள்பட 5 நீதிபதிகள் 1980 ஏப்ரல் 9-ந்தேதி தீர்ப்பு கூறினார்கள். சட்டத்தில் இல்லாத தடையைக் கோர்ட்டு புகுத்தக்கூடாது. அந்தந்த வழக்கைப் பார்த்து முடிவு செய்யவேண்டும். அதே சமயம் வெறும் பயம் போதாது. எந்த வழக்கிலும் கைது செய்யாதே என்று மொத்தமாக உத்தரவு தரவும் கூடாது என்றார்கள்.

சிதம்பரம் கைது

மந்திரியாக இருந்தவர் கேட்டால் கிடைத்துவிடும் என்றும் இல்லை. ஐ.என்.எக்ஸ். மீடியா வழக்கில் குற்றச்சாட்டை மறுத்த முன்னாள் நிதி மந்திரி ப.சிதம்பரத்தின் மனுவை டெல்லி ஐகோர்ட்டு 2019 ஆகஸ்டு 20-ல் தள்ளுபடி செய்தது. மறுநாள் இரவு சி.பி.ஐ. அதிகாரிகள் அவர் வீட்டுச் சுவர் ஏறிக் குதித்தார்கள். 106 நாள் காவல்! ஆனாலும், அதற்கு முன் ஓராண்டுக்கு மேல் கோர்ட்டின் இடைக்காலத் தடை அவரைக் காத்து நின்றது.

2025 மார்ச்சில் சுப்ரீம் கோர்ட்டு பிடியை இன்னும் இறுக்கியது. லஞ்சம் கேட்டதாகப் புகாருக்கு ஆளான பஞ்சாப் ஆடிட் இன்ஸ்பெக்டர் ஒருவருக்கு முன்ஜாமீன் மறுத்தது. வழக்கு பொய், அரசியல் பழிவாங்கல் என்று மேலோட்டமாகவே தெரிந்தால்தான், அதுவும் அபூர்வமாகத்தான், அரசு ஊழியருக்கு முன்ஜாமீன் என்றது.

குமாஸ்தா கதி?

இங்கேதான் விஷயம். ரசாயனப் பொடி தடவிய நோட்டை வாங்கும் குமாஸ்தாவை மேஜையிலேயே அமுக்குகிறார்கள். அவருக்கு ஏது முன்ஜாமீன்? கைதான பிறகு வெறும் ஜாமீன்தான். பெரிய இடத்து வழக்கோ பைல், விசாரணை, அனுமதி என்று மெல்ல நகரும். வக்கீலைப் பிடிக்க அவகாசம் உண்டு. ஐகோர்ட்டு இல்லையென்றால் டெல்லி வரை போக வசதியும் உண்டு.

பொய் வழக்கில் மாட்டிய சின்ன மனிதருக்கு இரண்டும் கிடையாது. போலீசார் கதவைத் தட்டும்போதுதான் அவருக்குச் சேதியே தெரிகிறது. சட்டம் எல்லோருக்கும் ஒன்றுதான். ஆனால் அது யாருக்காக வந்ததோ, அவர் கோர்ட்டு வாசலுக்கு வருவதற்குள் விலங்கு விழுந்துவிடுகிறதே!