ரேடியோ நேயர்கள் போட்ட முதல்

சினிமாப் படம் எடுக்க யாரிடம் பணம் கேட்பது? முதலாளியிடம் கேட்கலாம், வட்டிக்குக் கொடுப்பவரிடம் கேட்கலாம். ஓர் இளைஞர் ரேடியோ கேட்டுக்கொண்டிருந்த ஜனங்களிடமே கேட்டார். பணமும் வந்தது!

இது நடந்தது 1957-ம் ஆண்டில், அமெரிக்காவின் நியூயார்க் நகரத்தில். அந்த இளைஞர் ஜான் கசவேட்டீஸ். கிரேக்க வம்சத்தைச் சேர்ந்தவர். அப்போது அவருக்கு வயது 27. நடிகராக ஓரளவு பெயர் எடுத்திருந்தார். இளம் நடிகர்களுக்குப் பயிற்சியும் கொடுத்து வந்தார். பயிற்சியில் அவர்கள் நடித்துப் பார்த்த ஒரு காட்சியையே படமாக எடுக்கலாம் என்று அவருக்குத் தோன்றியது.

ஒரு நாள் இரவு ரேடியோவில் பேசப் போனார். உண்மையான மனிதர்களைப் பற்றிய படம் வேண்டுமானால் நேயர்களே பணம் அனுப்பலாம் என்றார். சிறு சிறு தொகையாகச் சுமார் 2,000 டாலர் சேர்ந்தது. அதை முதலாக வைத்து வேலை தொடங்கியது.

படத்தின் பெயர் 'ஷேடோஸ்'. அதாவது, நிழல்கள். ஒரு நீக்ரோக் குடும்பத்தின் அண்ணன், தம்பி, தங்கை ஆகிய மூவரின் கதை. தங்கை நிறத்தில் வெளுப்பு. அவளை விரும்பிய வெள்ளைக்கார வாலிபன், அவளுடைய அண்ணனைக் கண்டதும் முகம் மாறுகிறான். இந்த வேதனைதான் படத்தின் உயிர்.

1958-ல் படத்தை இலவசமாகவே போட்டுக் காட்டினார். பார்த்தவர்களில் பலருக்குப் பிடிக்கவில்லை. கசவேட்டீஸ் ஜனங்கள் மீது கோபப்பட்டாரா? இல்லை. குறை தன்னுடையது என்று ஒப்புக்கொண்டார். பெரும் பகுதியை 1959-ல் மறுபடியும் எடுத்தார். அந்தப் படம் 1960-ல் வெனிஸ் திரைப்பட விழாவில் விமர்சகர் பரிசு பெற்றது.

பிறகும் அவர் பிறர் படங்களில் நடித்துச் சம்பாதித்தார். அதைத் தம் படங்களில் போட்டார். 1974-ல் வெளிவந்த ஒரு படத்துக்காக வீட்டையே அடமானம் வைத்தார். அதில் மனைவி ஜீனா ரோலண்ட்ஸ் கதாநாயகி. அவருடைய தாயாரும் நடித்தார்; மாமியாரும் நடித்தார்! கணவன், மனைவி இருவர் பெயரும் ஆஸ்கார் பரிசுக்குச் சிபாரிசாயின. 1989-ல், தமது 59-வது வயதில், கசவேட்டீஸ் காலமானார்.

வீட்டை அடமானம் வைக்கும்படி நாம் யாருக்கும் சொல்ல மாட்டோம். பிள்ளை சினிமாவுக்குப் போகிறேன் என்றால் பெற்றவர்கள் வயிற்றில் புளியைக் கரைக்கத்தான் செய்யும். அந்தப் பயம் நியாயமானதே. எல்லோருக்கும் பரிசு கிடைத்துவிடாது.

ஆனால் தடுப்பதற்கு முன், பிள்ளையிடம் ஒரு கேள்வி கேட்டுப் பாருங்கள்: "நீ செய்தது சரியில்லை என்று நாலு பேர் சொன்னால், மறுபடியும் முதலிலிருந்து செய்வாயா?"

தயங்காமல் "செய்வேன்" என்று சொல்லிச் செய்தும் காட்டுகிற பிள்ளை, எந்தத் தொழிலுக்குப் போனாலும் பிழைத்துக்கொள்வான், பெண்ணானால் பிழைத்துக்கொள்வாள். அவர்களுக்கு ஒரு ரூபாய் கொடுத்து உதவினாலும் அது வீண் போகாது.