அணை மீனும் ஹவுஸ் ஓனரும்

ஆணி அதிகமா இருந்ததால தள்ளிப் போயிட்டே இருந்த மேட்டர் இது. ரெண்டு மாசம் முன்னாடி வீடு மாத்தினேன். ஏன்னு கேட்டவங்ககிட்டயெல்லாம் "தண்ணிப் பிரச்சினை"ன்னு சொல்லிச் சமாளிச்சாச்சு. உண்மையான காரணம் ஒரு கிலோ ஜிலேபி மீன். இனிப்பு இல்லீங்க, அணையில புடிக்கிற ஜிலேபி.

கொஞ்சம் கொசுவத்தி சுத்திக்கிறேன். எங்களுக்குத் தண்டராம்பட்டு பக்கம் கிராமம். சாத்தனூர் அணை எட்டிப் பிடிக்கிற தூரம். பெங்களூர்ல பொட்டி தட்டிட்டு இருந்தவன், வீட்டுலேர்ந்தே வேலை பாக்கலாம்னு கம்பெனி சொன்னதும் ஊருக்கு வந்துட்டேன். கிராமத்துல நெட் மூணு மணி நேரம் வந்தா நாலு மணி நேரம் வராது. அதனால திருவண்ணாமலையிலயே, கிரிவலப் பாதைக்குப் பக்கத்துல, மாடி போர்ஷன் ஒண்ணு வாடகைக்கு எடுத்தேன். ஓனர் கீழ் வீட்டுல. நல்ல மனுஷன். மொத நாளே கேட்டார், "தம்பி, நான்வெஜ்ஜெல்லாம் சமைப்பீங்களா?" நான் "எப்பவாச்சும் முட்டை சார்"னு சொன்னேன். அது பாதிப் பொய்தான், ஒத்துக்கறேன். அட்வான்ஸ் கொடுக்குற நேரத்துல எவன் சார் உண்மை பேசறான்?

ஒரு ஞாயித்துக்கிழமை அம்மா வந்தாங்க. கையில தூக்குவாளி. மூடியத் தொறந்தா காலையில புடிச்ச ஜிலேபி, கண்ணு பளபளன்னு. மதியம் வறுத்தோம். மறுநாள் காலையில ஓனர் படிக்கட்டுல நின்னுட்டிருந்தார். "கோயில் ஊரு தம்பி... வாடை வருது பாருங்க. அடுத்த மாசம் வேற எடம் பாத்துக்குங்க." அவ்ளோதான்.

கோவம் ஒரு பக்கம் இருக்கட்டும். அந்த "வாடை"ங்கிற வார்த்தை மண்டைக்குள்ள சுத்திட்டே இருந்துச்சு. படிச்சது இஞ்சினியரிங், சும்மா விட முடியல. உக்காந்து படிச்சேன்.

நாம மீன் வாடைன்னு சொல்றது ரெண்டு வேற விஷயம். கடல் மீன் உடம்புல டிரைமெத்திலமின் ஆக்சைடுன்னு ஒண்ணு நெறைய இருக்கு. உப்புத் தண்ணியில தாக்குப் பிடிக்க அது வேணும். மீன் செத்த பிறகு பாக்டீரியா அத டிரைமெத்திலமினா மாத்திடுது. மார்க்கெட்ல மூக்கப் பொத்த வைக்கிற ஆசாமி இதுதான். ஆத்து மீன், அணை மீன்ல இது ரொம்பக் கம்மி. அதுக்கு இருக்கறது மண் வாடை. ஜியோஸ்மின்னு பேரு. தண்ணியில இருக்கற நீலப்பச்சைப் பாசியும் சில பாக்டீரியாவும் உண்டாக்குறது. மழை பெஞ்ச உடனே மண்ணுலேர்ந்து ஒரு வாசனை வருமே, கவிஞர்களெல்லாம் உருகி உருகி எழுதுவாங்களே, அதே ஜியோஸ்மின்தான்! தரையிலேர்ந்து வந்தா கவிதை, மீன்லேர்ந்து வந்தா நாத்தம். என்ன நியாயமோ.

இதுல எனக்குப் புல்லரிச்ச விஷயம், ரெண்டு வாடைக்கும் மருந்து ஒண்ணுதான்: புளிப்பு. டிரைமெத்திலமின் காரத்தன்மை உள்ளது, அமிலம் பட்டா உப்பா மாறிடும், காத்துல கிளம்பாது. ஜியோஸ்மினும் அமிலத்துல சிதைஞ்சு மணம் இழந்துடும். எங்கம்மா எட்டாங்கிளாஸ். ஆனா மீனக் கல்லுப்பு போட்டுத் தேச்சு, மஞ்சத்தூளும் கெட்டிப் புளிக்கரைசலும் தடவி கால் மணி நேரம் வெச்சு அலசாம அடுப்புக்கே கொண்டு போக மாட்டாங்க. புளி இல்லன்னா புளிச்ச மோர்.

மோர்னதும் இன்னொரு ஊர் ஞாபகம் வருது. அமெரிக்காவோட தென் மாநிலங்கள்ல கெளுத்தி மீனத்தான் உசுரா சாப்பிடுவாங்க. மிசிசிப்பியில பெல்சோனின்னு ஒரு ஊரு, கெளுத்தித் தலைநகரம்னே தனக்குப் பேரு வெச்சுக்கிட்டிருக்கு. குளத்துல வளர்க்கிற மீன்தான், அதே மண் வாடைப் பிரச்சினை. பண்ணையில வலை போடறதுக்கு முன்னாடி ஒரு மீனப் புடிச்சு, வேகவெச்சு, ருசி பாக்கறதுக்குன்னே சம்பளம் வாங்கற ஆள் இருக்கான். அவன் உதட்டப் பிதுக்கினா அந்தக் குளத்துல அன்னிக்கு மீன் புடிக்க மாட்டாங்க. (இந்த வேலைக்கு ரெஸ்யூம் எங்க அனுப்பணும்?) அந்த ஊர் வீடுகள்ல பல பேரு மீன மோர்ல ஊற வெச்சு, மக்காச்சோள மாவுல பொரட்டிப் பொரிக்கிறாங்க. நாம புளியும் அரிசிமாவும். அவங்களும் நாமும் ஒருத்தர ஒருத்தர் கேட்டுக்காமலே ஒரே எடத்துக்கு வந்து சேர்ந்திருக்கோம்.

இனி மொறுமொறு. இதுல என் கருத்து கொஞ்சம் கடுமையானது, கோச்சுக்காதீங்க. முட்டையும் கார்ன்ஃப்ளாரும் சேத்துக் கரைச்சு, செக்கச்செவேல்னு ஒரு போர்வை போத்தி, எண்ணெயில முக்கி எடுக்கறதுக்குப் பேரு மீன் வறுவல் இல்ல. அது பஜ்ஜி. உள்ள மீன் இருக்கற பஜ்ஜி. சாப்பிடறவனுக்கு உள்ள கட்லாவா வஞ்சரமா நேத்து மீனா போன வார மீனான்னு தெரியக்கூடாதுங்கறதுக்காகவே கண்டுபிடிச்ச ஏற்பாடு. அந்தச் செவப்பையும் சும்மா சொல்லக்கூடாது. 2024ல கர்நாடகாவுல சிக்கன், மீன் கபாப்ல செயற்கை நிறம் கலக்கறதையே தடை பண்ணிட்டாங்க. நல்ல மிளகாத்தூள் எண்ணெயில பட்டா செங்கல் நிறம்தான் வரும். ரத்தச் செவப்பு வராது.

மொறுமொறுங்கறது சேக்கற பொருள்ல இல்ல, வெளிய போற தண்ணியில இருக்கு. மீன எண்ணெயில போட்டதும் சலசலன்னு கொப்புளம் வருதில்ல, அது எண்ணெய் கொதிக்கறது இல்ல, மீன்ல இருக்கற தண்ணி ஆவியாப் போறது. மேல் தோல்ல தண்ணி தீந்த பிறகுதான் சூடு நூறு டிகிரியத் தாண்டி ஏறும், செவக்கும், மொறுமொறுன்னு ஆகும். ஈரம் சொட்டச் சொட்டப் போட்டா அடுப்போட சூடெல்லாம் தண்ணி காய வைக்கறதுலயே செலவாகும். அதுக்குள்ள உள்ள சதை வெந்து உதிர ஆரம்பிச்சிடும்.

அதனால அம்மா அலசின மீன சல்லடையில சாச்சு வெச்சு, பழைய வெள்ளத் துணியால ஒத்தி எடுப்பாங்க. முழு ஜிலேபின்னா ரெண்டு பக்கமும் மூணு மூணு கீறல். மசாலா கம்மிதான்: மிளகாத்தூள், அதுல பாதி மல்லித்தூள், பூண்டு, மெளகு, சோம்பு வெச்சு அரைச்சது, உப்பு, கொஞ்சம் புளி. தடவி ஒரு மணி நேரம். இங்கதான் நான் நெறைய நாள் சொதப்பினேன். அரிசிமாவையும் மசாலாவோடயே கலந்துடுவேன். உப்பு மீன்லேர்ந்து தண்ணிய இழுத்துட்டே இருக்கும், மாவு அதக் குடிச்சுக் குடிச்சுக் கூழாப் போயிடும். அம்மா மாவத் தனியா தட்டுல வெச்சிருப்பாங்க. கல்லுல போடறதுக்கு ஒரு நிமிஷம் முன்னாடி ரெண்டு பங்கு அரிசிமாவு, ஒரு பங்கு ரவையில சும்மா ஒத்தி, தட்டி உதறிட்டுப் போடுவாங்க. அரிசியில குளூட்டன் கிடையாது, மைதா மாதிரி ரப்பரா இழுக்காது. ரவை நறநறன்னு பல்லுல படறதுக்கு.

கல்லு இரும்பு தோசைக்கல். நான்ஸ்டிக்ல வராதான்னு கேக்காதீங்க, வரும், ஆனா வராது. எண்ணெய் மல்லாட்டை எண்ணெய். (வெளியூர்க்காரங்களுக்கு: வேர்க்கடலை. எங்க மாவட்டத்துல திரும்பின பக்கமெல்லாம் மல்லாட்டைக் கொல்லை இருக்கறப்ப வேற எண்ணெய எதுக்குத் தேடணும்.) கறிவேப்பிலை ஒண்ணு போட்டா படபடன்னு பொரியணும், கருகக்கூடாது. அம்மா கணக்கு இவ்ளோதான். நான் தெர்மாமீட்டர் வாங்கி அளந்து பாத்தேன். 175லேர்ந்து 180 டிகிரி. அதே எண்ணெயில பேராசைப்பட்டு ஆறு துண்ட ஒண்ணாப் போட்டேன், சரசரன்னு 140க்கு எறங்கிடுச்சு. அன்னிக்கு சாப்பிட்டது எண்ணெய் குடிச்ச ஸ்பாஞ்சு. மூணு துண்டுக்கு மேல போடாதீங்க. போட்டுட்டு நோண்டாதீங்க. அடிப்பக்கம் வெந்து தயாரானதும் மீன் தானா கல்ல விட்டு நகரும், அப்பத் திருப்பணும், ஒரே ஒரு தடவை. எடுத்த மீனத் தட்டுல படுக்க வெச்சா அடியில ஆவி புடிச்சு நமத்துப் போகும். நான் ஓட்டை போட்ட இட்லித் தட்டக் கவுத்து வெச்சு அது மேல வெக்கறேன். அம்மா சிரிச்சாங்க. ஆனா இப்ப கிராமத்துலயும் இட்லித் தட்டுதான்.

எண்ணெய் பத்தி ஒண்ணு. வறுத்த எண்ணெய்ல கழிவு சேருறத அளக்க ஒரு கணக்கு இருக்கு. அது 25 சதவீதத்தத் தாண்டினா அந்த எண்ணெய சமையலுக்கே தொடக்கூடாதுன்னு 2018லேர்ந்து சட்டம். வீட்டுல அத அளக்க முடியாதுதான், ஆனா கறுத்து, நுரைச்சு, கொழகொழன்னு ஆன எண்ணெயக் கண்ணுக்குத் தெரியும். தெருவுல நாம "மீன் வாடை"ன்னு முகம் சுளிக்கறதுல பெரும்பங்கு அந்தப் பழைய எண்ணெயோட வாடைதான்.

சரி, ஓனர் கதைக்கு வருவோம். அன்னிக்கு அவருக்கு வாடை வந்திருக்கும், மறுக்கல. புது எண்ணெய், புது மீன்னாலும் மசாலா பொரியற வாசனை மாடியிலேர்ந்து கீழ எறங்கத்தான் செய்யும். ஆனா ஒரு விஷயம், அவரு சைவம் கிடையாது. பஸ் ஸ்டாண்டு பக்கம் பிரியாணிக் கடையில ஒரு நாள் எதிர் டேபிள்ல அவரப் பாத்திருக்கேன், ரெண்டு பேரும் பாக்காத மாதிரி சாப்பிட்டோம். அப்புறம் என்ன பிரச்சினை? விசாரிச்சப்பதான் புரிஞ்சுது. கிரிவலப் பாதை ஓரம் இப்ப ஆந்திரா, தெலங்கானாவுலேர்ந்தெல்லாம் பக்தர்கள் வந்து தங்கறாங்க, வெளிநாட்டுக்காரங்களும் மாசக்கணக்குல இருக்காங்க. "சுத்த சைவ வீடு"ன்னு போர்டு மாட்டினா வாடகை தனி. என் ஜிலேபி அந்த வாடகையில கைய வெச்சுடுச்சு. அது பக்தி இல்ல, மார்க்கெட்டிங். அவரு அப்படியே சொல்லியிருந்தா நான் பேசாம காலி பண்ணியிருப்பேன். அண்ணாமலையார எதுக்கு நடுவுல இழுக்கணும்?

ஏன்னா அண்ணாமலையாருக்கு மீன் புதுசு இல்லையே. அறுபத்து மூணு நாயன்மார்ல அதிபத்தர் யாரு? நாகப்பட்டினத்துல வலை போட்ட மீனவர். தினம் புடிக்கற மொத மீனு சிவனுக்குன்னு கடல்லயே விட்டவரு. கண்ணப்பர் கதைய நான் சொல்லவே வேணாம். அவங்க செல பல சிவன் கோயில் பிராகாரத்துலயும் வரிசையில நிக்குது. கோயில் வாசல்ல மீன் கடை போடணும்னு நான் சொல்லல. பௌர்ணமிக்கும் தீபத்துக்கும் எங்க வீட்டுல கவுச்சி கிடையாது, புரட்டாசி சனிக்கிழமையும் கிடையாது. ஆனா அது நாங்களா இருக்கற விரதம்.

இன்னொண்ணும் சொல்லிடறேன், இதுதான் நெசமா உறுத்துறது. மூணு வாரம் வீடு தேடி அலைஞ்சேன். "நான்வெஜ் சாப்பிடுவீங்களா"ன்னு கேட்டு, "ஆமா"ன்னு நான் சொன்ன பல எடத்துல அடுத்த கேள்வி சமையலப் பத்தி வரல. "நீங்க என்ன ஆளுங்க?"ன்னு வந்துச்சு. மொதக் கேள்வியே அந்த ரெண்டாவது கேள்விக்கு மரியாதையான முன்னோட்டம்தான் போல. சில பேரு நேரடியா கேட்டாங்க, சில பேரு "எந்த ஊரு, எந்தத் தெரு"ன்னு சுத்தி வந்தாங்க. என் பதிலக் கேட்டுட்டு ரெண்டு பேரு "அப்ப பரவால்ல, வாங்க"ன்னாங்க. அந்த "அப்ப பரவால்ல"வுக்குக் கூசிப் போய் வந்துட்டேன். அந்த பதில் வேறயா இருக்கற என் ஃப்ரெண்டு ஒருத்தன் இதே ஊர்ல ஏழு மாசமா லாட்ஜ்லதான் இருக்கான். அவனுக்கு மீனே புடிக்காது.

இப்ப இருக்கற வீடு கோயிலுக்கு அந்தாண்ட, ஓட்டு வீடு, ஓனர் ஒரு ஆயா. அட்வான்ஸ் கொடுக்கறப்ப நானே முந்திக்கிட்டு, "ஆயா, ஞாயித்துக்கிழமை மீன் வறுப்பேன், சொல்லிட்டேன்"னேன்.

"வறு. செதில எங்க கொட்டுவ?"

"குப்பையிலதான்."

"குப்பையில போட்டா நாய் இழுத்துப் போடும். கொல்லையில முருங்க மரம் கீது பாரு, அதுக்கு அடியில குழி நோண்டிப் பொத. தல இருந்தா இங்க குடுத்துடு, கொழம்பு வெக்கறேன்."